அண்ணாமலையில் சித்தர்களைத் தேடுகிறீர்களா? முதலில் இந்தக் கதைகளைக் கேளுங்கள்!

திருவண்ணாமலை பேருந்து நிலையத்தில் இறங்கி, 'சித்தரைப் பார்க்கணும்' என்று யாரிடமாவது சொல்லிப் பாருங்கள். சிரிக்க மாட்டார்கள். 'எந்தச் சித்தரை?' என்றுதான் திருப்பிக் கேட்பார்கள்.

அப்படிப்பட்ட ஊர் இது. பஞ்சபூதத் தலங்களில் இது நெருப்புக்குரிய தலம். 217 அடி உயர ராஜகோபுரம், 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதை, எட்டுத் திசைக்கும் எட்டு லிங்கங்கள், கார்த்திகை தீபம் என்று ஊரைப் பற்றிச் சொல்ல ஆயிரம் இருக்கின்றன. ஆனாலும் பௌர்ணமி இரவில் நடக்கிற லட்சக்கணக்கான கால்களில் பாதிக்காவது உள்ளுக்குள் ஓர் ஆசை உண்டு. 'கூட்டத்தோடு கூட்டமாக ஒரு சித்தர் நடந்து போவாராம். நம் கண்ணில் பட்டுவிட மாட்டாரா?'

ஃபேன்டஸி நாவல்களும் வெப் சீரிஸ்களும் பார்ப்பவர்களுக்கு இந்தக் கதை புதிதல்ல. எப்போதோ ஒரு காலத்தில் மர்ம சக்திகள் கொண்ட ஞானிகளின் கூட்டம் ஒன்று இருந்தது. ஒருநாள் அது மறைந்துபோனது. மிச்சமிருக்கும் கடைசி ஞானியைத் தேடி நாயகன் மலையேறுகிறான். கற்பனை உலகத்தில் அந்தக் கூட்டத்துக்கு ஒரு கோட்டை இருக்கும், தலைவர் இருப்பார், அங்கி இருக்கும். நம் சித்தர்களிடம் இதில் ஒன்றுகூடக் கிடையாது. அவர்கள் விட்டுப்போனவை சில குகைகள், பல பாடல்கள், கொஞ்சம் மருந்துக் குறிப்புகள், நிறையக் கதைகள். அவற்றைத் தேடித்தான் இந்தப் பயணம்.

யார் இந்தச் சித்தர்கள்?

'சித்தி' பெற்றவர் சித்தர். 'சித்'தை, அதாவது அறிவை அடைந்தவர் என்றும் சொல்வார்கள். பதினெண் சித்தர்கள் என்று ஒரு கணக்கு நம் எல்லோருக்கும் தெரியும். ஆனால் அந்த 18 பேர் யார் யார் என்று இரண்டு புத்தகங்களை எடுத்து ஒப்பிட்டால், பட்டியல் ஒன்றுபோல இருக்காது. அகத்தியர், திருமூலர், போகர், கொங்கணர், கோரக்கர் போன்ற சில பெயர்கள் பெரும்பாலும் இருக்கும். மற்ற இடங்களில் பெயர்கள் மாறிக்கொண்டே வரும்.

இவர்களை ஓர் 'அமைப்பு' என்று சொல்வதே கஷ்டம். பட்டம் கட்டிக்கொள்ளும் மடம் இல்லை. சேரக் கட்டணம் இல்லை. நூற்றாண்டுக் கணக்கில் இடைவெளி உள்ளவர்களைப் பிற்காலத்தவர் ஒரே வரிசையில் உட்கார வைத்திருக்கிறார்கள். ஒரே பெயரில் பலர் எழுதியிருக்கிறார்கள் என்பதும் ஆய்வாளர்கள் பொதுவாக ஒப்புக்கொள்வது. சங்க காலத்தில் இடைக்காடர் என்று ஒரு புலவர் இருந்தார். சித்தர் இடைக்காடரின் பாடல்களோ மிகப் பிந்தைய காலத் தமிழில் இருக்கின்றன. இருவரும் ஒருவர் அல்ல என்பது அந்த மொழியைப் படித்தாலே தெரியும்.

இது தமிழ்நாட்டில் மட்டும் நடந்ததும் இல்லை. வடக்கே நாத சித்தர்கள், திபெத்திய பௌத்தத்தில் 84 மகாசித்தர்கள் என்று இதே போன்ற வரிசைகள் உண்டு. வடக்கே மத்ஸ்யேந்திரநாதர், கோரக்கநாதர் என்றால், இங்கே மச்சமுனி, கோரக்கர். ஊர் ஊராக நடந்தவர்களின் பெயர்களும் அவர்களோடு நடந்திருக்கின்றன.

பிறகு ஏன் 'மறைந்து' போனார்கள்? முதல் காரணம் அவர்கள் பேசிய விஷயம். சிவவாக்கியர், பாம்பாட்டிச் சித்தர் போன்றவர்களின் பாடல்கள் சாதியையும் வெறும் சடங்கையும் முகத்துக்கு நேராகக் கேள்வி கேட்டன. கோயிலில் ஓதும் திருமுறைகளில் திருமூலரின் திருமந்திரம் பத்தாம் திருமுறையாக இடம்பிடித்தது. மற்ற சித்தர் பாடல்களில் பெரும்பாலானவை அந்த வாசலுக்கு வெளியேதான் நின்றன. சந்தையிலும் சாவடியிலும் பாடப்பட்டுத்தான் அவை உயிரோடு இருந்தன.

இரண்டாவது காரணம், அவர்கள் பேசிய விதம். பாதரசம், பாஷாணம் போன்ற ஆபத்தான பொருள்களைப் பற்றிய குறிப்புகளைப் 'பரிபாஷை' என்ற மறைமொழியில் எழுதினார்கள். தகுதியில்லாதவர் கைக்குப் போய்விடக் கூடாது என்ற பயம். குருவிடம் நேரில் கற்றவனுக்குத்தான் பூட்டு திறக்கும். குருவும் சீடனும் இல்லாமல் போனால், ஓலை இருக்கும், சாவி இருக்காது.

முழுக்க மறைந்துவிட்டார்கள் என்றும் சொல்ல முடியாது. அவர்கள் பெயரால் வழங்கும் சித்த மருத்துவத்துக்கு இன்று கல்லூரிகள் இருக்கின்றன. பாளையங்கோட்டை அரசு சித்த மருத்துவக் கல்லூரி 1964-ல் தொடங்கியது. தாம்பரம் சானடோரியத்தில் தேசிய சித்த மருத்துவ நிறுவனம் 2005-ல் வந்தது. அகத்தியரின் நட்சத்திரம் என்று கருதப்படும் மார்கழி ஆயில்யத்தில் ஒவ்வோர் ஆண்டும் சித்தர் தினம் கொண்டாடப்படுகிறது.

வரகு கலந்த சுவர்

எந்தச் சித்தர் எந்த ஊரில் அடங்கினார் என்று வழிவழியாக ஒரு கணக்கு சொல்வார்கள். பழனி என்றால் போகர். சிதம்பரம் என்றால் திருமூலர். சங்கரன்கோவில் என்றால் பாம்பாட்டிச் சித்தர். திருவண்ணாமலைக்கு அந்தக் கணக்கில் வருபவர்தான் இடைக்காடர்.

ஆடு மாடு மேய்க்கும் இடையர் குலத்தவர் என்பது மரபு. அவர் பாடல்களும் கோனார்களை அழைத்தும், பசுவை அழைத்தும் பேசுபவைதான். சிவகங்கை மாவட்டம் மானாமதுரைக்கு அருகிலுள்ள இடைக்காட்டூர் அவரைத் தன் பிள்ளையாகச் சொந்தம் கொண்டாடுகிறது.

அவரைப் பற்றிய ஒரு கதை சின்னப் பிள்ளைகளுக்கும் பிடிக்கும். 12 ஆண்டுகள் மழை பொய்க்கப் போகிறது என்று இடைக்காடருக்கு முன்கூட்டியே தெரிந்துவிடுகிறதாம். மற்ற கதைகளில் வருவதுபோல அவர் உடனே தவத்தில் உட்காரவில்லை. வேலையைப் பார்த்தார். பஞ்சத்திலும் பட்டுப்போகாத எருக்கிலையைத் தின்ன ஆடுகளைப் பழக்கினார். குடிசைக்குச் சுவர் எழுப்பும்போது மண்ணோடு குருவரகைக் கலந்து பூசினார். பஞ்சம் வந்தது. ஊரெல்லாம் காய்ந்தது. எருக்கிலை தின்ற ஆடுகள் அரிப்புத் தாங்காமல் சுவரில் உரச, வரகு உதிர்ந்தது. அதைப் பொறுக்கி ஆட்டுப்பாலில் கஞ்சி காய்ச்சிக் குடித்து உயிரோடு இருந்தார்.

ஊரே மடிந்துகிடக்க இவர் மட்டும் எப்படிப் பிழைத்தார் என்று பார்க்க நவக்கிரகங்களே வந்தன. விருந்தாளிகளுக்கும் அதே வரகுக் கஞ்சி. உண்ட மயக்கத்தில் ஒன்பது பேரும் தூங்கிவிட, இடைக்காடர் மெதுவாக அவர்களை இடம் மாற்றிப் படுக்க வைத்தார். மழை வரும் அமைப்பில்! வானம் இருண்டது, மழை கொட்டியது என்று முடிகிறது கதை.

கிரகங்களை நகர்த்தியதைத்தான் எல்லோரும் வியந்து சொல்கிறோம். அதற்கு முன்னால் வரும் பாதியைக் கவனியுங்கள். வறட்சி தாங்கும் தீவனம், வறட்சி தாங்கும் சிறுதானியம், 12 வருடத் திட்டம். மழையை நம்பி வாழும் இந்த வறண்ட பூமியில் மாடு மேய்த்த யாரோ ஒருவருடைய அனுபவ அறிவு, கதைக்குள் வரகு மாதிரியே பூசப்பட்டிருக்கிறது.

இடைக்காடர் சமாதி திருவண்ணாமலையில் எங்கே இருக்கிறது என்று கேட்டால், நீளும் கைகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு பக்கம் காட்டும். கோயிலுக்குள் என்பார் ஒருவர். மலையடிவாரம் என்பார் இன்னொருவர். கிரிவலப் பாதையில் இருக்கும் இடுக்குப் பிள்ளையார் சந்நிதியில் மூன்று யந்திரங்களை அவர்தான் பதித்தார் என்பது ஊர் நம்பிக்கை. நேர்க்கோட்டில் இல்லாத மூன்று வாசல்கள் வழியாக உடம்பை வளைத்துத் தவழ்ந்து வெளியே வர வேண்டும். குழந்தைகள் சிரித்துக்கொண்டே நுழைகிறார்கள். பெரியவர்கள் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு நுழைகிறார்கள்.

குகைக்குள் ஒரு குரு

கோயிலின் மேற்குப் பக்கம் பேகோபுரத் தெருவிலிருந்து மலையேறினால் வீடுகளைத் தாண்டியதும் குகை நமசிவாயர் கோயில் வரும். கன்னட நாட்டிலிருந்து வந்த வீரசைவர். தன் ஆயுளைக் குகையில் கழித்ததால் பெயரோடு 'குகை' ஒட்டிக்கொண்டது. அருணகிரி அந்தாதி பாடியவர் இவர்.

இவருக்கு ஒரு சீடர். அவர் பெயரும் நமசிவாயர்தான். ஒருநாள் சீடர் திடீரென்று சிரித்தார். 'ஏன்?' என்றார் குரு. 'திருவாரூரில் நடனமாடிய பெண் கால் தடுக்கி விழுந்தாள். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன்' என்றார். இன்னொருநாள் தன் துணியைக் கசக்கினார். 'சிதம்பரத்தில் திரைச்சீலையில் தீப்பற்றியது, அணைத்தேன்' என்றார். சீடன் தன்னை மிஞ்சிவிட்டான் என்று புரிந்த குரு, 'இனி நீ குரு நமசிவாயன்' என்று பெயர் சூட்டிச் சிதம்பரத்துக்கு அனுப்பிவைத்தார். ஒரே கம்பத்தில் இரண்டு யானைகளைக் கட்ட முடியாதே! போட்டி, பொறாமை, சாபம் எதுவும் இல்லாமல் சீடனுக்கு வழிவிட்ட குரு என்பதால் இந்தக் கதை மனதில் நிற்கிறது.

இன்னும் மேலே ஏறினால் விரூபாட்ச குகை. ஓம் வடிவில் இருப்பதாகச் சொல்வார்கள். விரூபாட்ச தேவர் இங்கேயே அடங்கினார் என்றும், அவர் உடல் விபூதியாக மாறிவிட்டது என்றும் மரபு. குகைக்குள் இருக்கும் மேடைதான் அவர் சமாதி. உள்ளே வெளிச்சம் குறைவு, வெக்கையும் உண்டு. ஐந்து நிமிடம் உட்கார்ந்தால் கீழே ஊரின் ஹாரன் சத்தம் மெல்லக் கரைந்துபோகும்.

16 வயதில் வந்தவர்

சித்தர்கள் காலம் முடிந்துவிட்டது என்று நினைத்த ஊருக்கு, 1896 செப்டம்பர் 1-ம் தேதி மதுரையிலிருந்து ஒரு பையன் வந்து இறங்கினான். வயது 16. பெயர் வேங்கடராமன். ஆயிரங்கால் மண்டபத்தின் அடியில் இருக்கும் பாதாள லிங்கச் சந்நிதிக்குள் போய் உட்கார்ந்தான். பூச்சிகள் கடித்துத் தொடையெல்லாம் புண்ணானதுகூடத் தெரியாமல் உட்கார்ந்திருந்தான். அவனே ரமண மகரிஷி.

அவருக்கு முன்பே, 1889-ல் வந்தவர் சேஷாத்திரி சுவாமிகள். பித்தரைப் போலத் தெருக்களில் திரிந்த அவர் ஒரு கடைக்குள் நுழைந்து பொருளை வாரி இறைத்தால், அன்று வியாபாரம் கொழிக்கும் என்று கடைக்காரர்கள் காத்திருப்பார்களாம். பாதாள லிங்கத்தில் சிறுவர்கள் கல்லெறிந்தபோது ரமணரைக் காத்தவர் இவர் என்பார்கள். 1929 ஜனவரியில் அடங்கினார்.

ரமணர் 1899 முதல் 1916 வரை விரூபாட்ச குகையில் இருந்தார். பிறகு அதற்கு மேலே உள்ள கந்தாஸ்ரமம். 1922-ல் அவர் தாயார் அழகம்மாள் மறைந்து, மலையடிவாரத்தில் சமாதி வைக்கப்பட்ட பின்னர் கீழே இறங்கிவந்தார். அங்கே எழுந்ததுதான் இன்றைய ரமணாஸ்ரமம். ஆங்கிலேயர் பால் பிரண்டன் 1934-ல் வெளியிட்ட புத்தகம் அவரை உலகத்துக்குச் சொன்னது. 1938-ல் எழுத்தாளர் சாமர்செட் மாம் வந்து பார்த்தார். பாதாள லிங்கச் சந்நிதி புதுப்பிக்கப்பட்டு 1949-ல் கவர்னர் ஜெனரல் ராஜாஜி கையால் திறக்கப்பட்டது. 1950 ஏப்ரல் 14-ம் தேதி இரவு ரமணர் அடங்கினார்.

1959-ல் கங்கைக்கரையிலிருந்து வந்தார் இன்னொருவர். கையில் பனையோலை விசிறி, கொட்டாங்கச்சி. ரயில் நிலையம் அருகே புன்னை மரத்தடியிலும் தேரடி வீதியிலும் இருந்த அவரை ஊர் 'விசிறி சாமியார்' என்றது. தன்னைப் பிச்சைக்காரன் என்றே சொல்லிக்கொண்ட யோகி ராம்சுரத்குமார் 2001 பிப்ரவரி 20-ல் மறைந்தார்.

இவர்களில் யாரும் தன்னைச் 'சித்தர்' என்று அறிவித்துக்கொண்டு வரவில்லை. இந்த மலையின் வழக்கமே அதுதான் போலிருக்கிறது.

வடக்குச் சரிவின் ஆலமரம்

சித்தரைத் தேடி மலையேற நினைக்கும் எல்லோரும் கேட்டாக வேண்டிய கதை ஒன்று ரமணர் வாழ்க்கையிலேயே இருக்கிறது.

மலையின் வடக்குப் பக்கம், உச்சிக்குக் கீழே, யாரும் நெருங்க முடியாத இடத்தில் ஒரு பெரிய ஆலமரம். அதன் நிழலில் அருணகிரி யோகி என்ற சித்தர் வடிவில் அண்ணாமலையாரே அமர்ந்திருக்கிறார். இது புராணம் சொல்வது.

விரூபாட்ச குகையில் இருந்த காலத்தில் ஒருநாள் ரமணர் மலையில் சுற்றிக்கொண்டிருந்தார். வழியில் மிகப் பெரிய ஆலிலை ஒன்று கிடந்தது. இவ்வளவு பெரிய இலை எந்த மரத்துடையது என்று மேலே நடந்தார். தூரத்தில் பாறைமேல் ஆலமரம் தெரிந்தது. நெருங்கும்போது அவர் கால் புதருக்குள் இருந்த குளவிக் கூட்டில் பட்டுவிட்டது. குளவிகள் மொய்த்துக் கொட்டின. அவர் காலை இழுத்துக்கொள்ளவில்லை. 'இந்தக் கால் அவற்றின் வீட்டைக் கலைத்தது, தண்டனை சரிதான்' என்று அவை ஓயும்வரை நின்றார். கால் வீங்கி, சிரமப்பட்டுத் திரும்பிவந்தார்.

அதற்குப் பிறகு அவர் அந்த மரத்தைத் தேடிப் போகவில்லை. பின்னாளில் அன்பர்கள் சிலர் கிளம்பிப்போய்ப் பாறைகளுக்கிடையே வழிதெரியாமல் திண்டாடினார்கள். வேறு யாரும் முயல வேண்டாம் என்று ரமணர் தடுத்துவிட்டார். 50 ஆண்டுகளுக்கும் மேலாக இந்த மலையைவிட்டு அகலாதவர், இதன் ஒவ்வொரு பாதையையும் காலால் அறிந்தவர் அவர். அவரே 'போதும்' என்று திரும்பிவிட்டார்.

தெருவோரத்தில் உட்கார்ந்தால் சித்தரா?

இப்போது 2020-களுக்கு வருவோம். 'திருவண்ணாமலை சித்தர்' என்று செல்போனில் தட்டினால் வீடியோக்கள் வந்து குவியும். பின்னணியில் உடுக்கை, முன்னால் பெரிய எழுத்தில் 'கேமராவில் சிக்கிய சித்தர்!' என்ற தலைப்பு. பார்த்தால், கிரிவலப் பாதையோரம் அழுக்குத் துணியோடு ஒரு முதியவர் உட்கார்ந்திருப்பார். தனக்குள் பேசிக்கொண்டிருப்பார். அல்லது பேசாமலே இருப்பார். அவரைச் சுற்றிப் பத்து செல்போன்கள்.

அவர் மகானாக இருக்கலாம். வீட்டைவிட்டு வெளியேற்றப்பட்ட ஒரு தாத்தாவாகவும் இருக்கலாம். மனநல சிகிச்சை தேவைப்படும் ஒருவராக இருக்கலாம். மூன்றில் எதுவாக இருந்தாலும், முகத்துக்கு முன்னால் கேமராவை நீட்டுவதற்கு அவர் சம்மதித்தாரா என்பதுதான் கேள்வி. அதை யாரும் கேட்பதில்லை.

கிரிவலப் பாதையில் அன்னதான வரிசைக்குப் பக்கத்தில் காவிப் புடவையில் ஒரு பாட்டி உட்கார்ந்திருந்தார். பேசலாமா என்று கேட்டுவிட்டுத்தான் அருகில் அமர்ந்தேன். விழுப்புரம் பக்கம் ஊர். வந்து ஒன்பது வருஷம் ஆகிறதாம்.

"பேசு கண்ணு, எம்மாநேரம் வேணா பேசு. அந்த போனை மட்டும் உள்ள வச்சுடு. போன வருஷம் ரெண்டு பசங்க வந்து கால்ல வுழுந்துச்சுங்க. நான் என்னத்த கண்டேன், நல்லா இருங்கப்பான்னு கைய தூக்கினேன். அதை எடுத்துப் போட்டுட்டாங்க. ஊர்ல என் பேத்தி பாத்துட்டு அழுதுச்சாம். ஆயா பிச்சை எடுக்குதுன்னு பள்ளிக்கூடத்துல சொல்றாங்களாம்."

"உங்கள சித்தர்னு சொன்னாங்களா பாட்டி?"

"சொன்னாங்க சொன்னாங்க. சித்தருக்கு முட்டி வலி வருமா? அதைக் கேளு முதல்ல" என்று சிரித்தார். சிரித்து முடித்த பிறகு, அந்தப் பேத்தி இப்போது எத்தனாவது படிக்கிறாள் என்று விரல்விட்டு எண்ண ஆரம்பித்தார்.

கிரிவலப் பாதையில் இப்படி நூற்றுக்கணக்கானவர்கள் இருக்கிறார்கள். உண்மையான துறவிகள் இருக்கிறார்கள், வேறு போக்கிடம் இல்லாதவர்கள் இருக்கிறார்கள், காவி கட்டினால்தான் சாப்பாடு கிடைக்கும் என்று கட்டியவர்களும் இருக்கிறார்கள். ஆசிரமங்களும் அன்பர்களும் போடும் அன்னதானம்தான் இவர்களில் பலருக்கு மூன்று வேளைச் சோறு. வெளியிலிருந்து வரும் நம்மால் இவர்களைத் தரம் பிரிக்க முடியாது. தரம் பிரிக்காமல் சோறு போடுவதுதான் இந்த ஊரின் பழைய வழக்கம். புதிதாக வந்திருப்பது படம் பிடிக்கும் வழக்கம்.

மலை சொன்ன எச்சரிக்கை

இன்னொரு ஆபத்து மலைமேல் இருக்கிறது. 'சித்தர்கள் உலவும் ரகசியக் குகை' என்ற வீடியோவை நம்பி, வழிகாட்டி இல்லாமல், அனுமதி இல்லாமல் மேலே ஏறுகிறவர்கள் உண்டு. 2,668 அடி உயர மலை இது. பாறையும் முள்ளும் நிறைந்தது. வெயிலில் நா வறளும், இருட்டினால் பாதை தெரியாது.

2024 டிசம்பர் 1-ம் தேதி, ஃபெஞ்சல் புயலின் பெருமழையில் மலையின் ஒரு பகுதி சரிந்தது. வ.உ.சி. நகரில் வீட்டின் மேல் மண்ணும் பாறையும் விழுந்து 7 பேர் இறந்தார்கள். அவர்களில் 5 பேர் குழந்தைகள். அந்த ஆண்டு டிசம்பர் 13-ம் தேதி கார்த்திகை தீபத்தன்று பக்தர்கள் மலையேற அனுமதிக்கப்படவில்லை. தீபம் ஏற்றும் பணிக்குத் தேவையானவர்கள் மட்டுமே மேலே போனார்கள். ஊரே கீழே நின்று 'அண்ணாமலையாருக்கு அரோகரா' சொன்னது. தீபம் எப்போதும்போல எரிந்தது.

பழைய புகைப்படங்களில் இந்த மலை மொட்டையாக இருக்கும். விறகுக்காகவும் மேய்ச்சலுக்காகவும் மரங்கள் போயின. கோடைதோறும் தீயும் பிடித்தது. கடந்த சில பத்தாண்டுகளாகத் தன்னார்வலர்களும் வனத்துறையும் மரம் நட்டு, தீத்தடுப்புக் கோடு வெட்டி, தீப்பிடித்தால் ஓடிப்போய் அணைத்து, சரிவுகளைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பச்சையாக்கியிருக்கிறார்கள். ஒரு மரக்கன்றைக் காப்பாற்றப் பல வருடங்கள் வேண்டும். அணைக்காமல் போட்ட ஒரு கற்பூரம் எல்லாவற்றையும் எரித்துவிடும்.

வரகைச் சுவரில் பூசிவைத்த இடைக்காடரைக் கும்பிடுகிறவர்கள் நாம். வரப்போகும் பஞ்சத்தை யோசித்தவர் அவர். அவர் பெயரைச் சொல்லிக்கொண்டு மலையில் பிளாஸ்டிக் பாட்டிலை வீசிவிட்டு வந்தால், கும்பிட்டதற்கு என்ன அர்த்தம்?

எங்கே, எப்படிப் பார்க்கலாம்?

* எப்படிப் போவது: சென்னையிலிருந்து திண்டிவனம், செஞ்சி வழியாகச் சுமார் 190 கிலோமீட்டர். விழுப்புரம், வேலூர், புதுச்சேரியிலிருந்தும் பேருந்துகள் நிறைய. ரயிலில் வருவதென்றால் விழுப்புரம் - காட்பாடி பாதையில் திருவண்ணாமலை நிலையம் இருக்கிறது.

* கோயிலுக்குள்: ஆயிரங்கால் மண்டபத்தில் பாதாள லிங்கம். பக்கத்திலேயே முருகன் அருணகிரிநாதருக்குக் காட்சி தந்ததாகச் சொல்லப்படும் கம்பத்து இளையனார் சந்நிதி. உள்ளே போனால், அருணகிரிநாதர் கிளியாக மாறிய கதைக்குரிய கிளி கோபுரம்.

* குகைகள்: ரமணாஸ்ரமத்தின் பின்புறமிருந்து கல் பதித்த பாதையில் கந்தாஸ்ரமம், அங்கிருந்து விரூபாட்ச குகை, குகை நமசிவாயர் கோயில் வழியாக ஊருக்குள் இறங்கலாம். காலையில் போவது நல்லது. மழைக்காலத்திலும் திருவிழா நாட்களிலும் பாதை திறந்திருக்கிறதா என்று ஆசிரமத்தில் கேட்டுவிட்டு ஏறுங்கள். பாதையைவிட்டு விலக வேண்டாம். குகைக்குள் பேச்சும் படமும் வேண்டாம்.

* கிரிவலப் பாதையில்: சேஷாத்திரி சுவாமிகள் ஆசிரமம், ரமணாஸ்ரமம், மாணிக்கவாசகர் திருவெம்பாவை பாடியதாகச் சொல்லப்படும் அடிஅண்ணாமலை, இடுக்குப் பிள்ளையார், ஈசான்ய ஞானதேசிகர் மடம். முதியவர்களையும் குழந்தைகளையும் அழைத்துப் போகிறவர்கள் பௌர்ணமியைத் தவிர்த்துச் சாதாரண நாளில் அதிகாலையில் நடந்தால் எல்லாவற்றையும் நின்று நிதானமாகப் பார்க்கலாம்.

* அன்னதானம் செய்ய விரும்பினால்: சாலையில் பொட்டலங்களை வீசிக்கொண்டு போகாமல், உட்கார வைத்துப் பரிமாறும் இடங்களில் கொடுங்கள். உணவைவிட முட்டிவலித் தைலமும் போர்வையும் செருப்பும் பலருக்கு அதிகம் தேவைப்படுகின்றன.

சித்தரைப் பார்க்க முடியுமா, முடியாதா? நம்புகிறவர்கள் நம்பட்டும். சித்தர் எந்த உருவத்திலும் வருவார் என்பதுதான் அந்த நம்பிக்கையே. அப்படியென்றால் கிரிவலப் பாதையில் உட்கார்ந்திருக்கும் யாராக இருந்தாலும், முதலில் கை நீட்ட வேண்டியது சாப்பாட்டோடு, செல்போனோடு அல்ல. வந்தவர் சித்தர் இல்லையென்றாலும் நஷ்டம் ஒன்றும் இல்லை. ஒரு பாட்டிக்கு அன்றைக்கு வயிறு நிறைந்திருக்கும்.